செட்டிநாட்டு அடுப்பங்கரையில் ஒன்பது துண்டு பிரௌனி: கடையில் வாங்குவது முதல் வெட்டுவது வரை

ஆறு அங்குலச் சதுர டின் ஒன்றில் ஒன்பது துண்டு பிரௌனி (கேக்கைப்போல உப்பாமல், ஈரமாக அடர்ந்து நிற்கும் சாக்லேட் பண்டம்) வரும் அளவு இது. நாலு பேர் இருக்கும் வீட்டில் ஒரு சாயங்காலத்துக்கும் மறுநாளைக்கும் சரியாக இருக்கும். இருபது துண்டுக்கான குறிப்பை எடுத்துப் பாதியாக்கிச் செய்து பார்க்கலாம் என்று இறங்கினால் மாட்டிக்கொள்வீர்கள். முட்டை பாதியாகாது, வீட்டில் இருக்கும் டின் பாதியாகாது, வேகும் நேரமும் பாதியாகாது. அதனால் சின்ன அளவுக்கென்றே கணக்கிட்ட குறிப்பாக இதைத் தந்திருக்கிறேன்.

முதல் முறை செய்பவர்களின் பிரௌனி கெடுவதற்கு அடுப்பைவிடக் கடைதான் பெரிய காரணம். தப்பான கோக்கோவும் தப்பான பேப்பரும் வீட்டுக்கு வந்துவிட்டால், அதற்குப் பிறகு கை எவ்வளவு பக்குவமாக இருந்தாலும் பலன் குறைவு. ஆகவே இரண்டாம் படியை நிதானமாகப் படியுங்கள்.

1. நேரத்தைப் பின்னாலிருந்து கணக்கிடுங்கள்

எடைபோட்டுக் கலக்க 30 நிமிடம், வேக 25 நிமிடம், ஆற ஒரு மணி நேரம், குளிர்பெட்டியில் இறுக இரண்டு மணி நேரம். மொத்தம் நாலு மணி நேரம். இதில் உங்கள் கை வேலை அரை மணிதான், மற்றதெல்லாம் காத்திருப்பு. சாயங்காலம் ஐந்து மணிக்கு விருந்தாளி வருகிறார் என்றால் பகல் ஒரு மணிக்குள் வேலையைத் தொடங்கியாக வேண்டும். முந்தின நாளே செய்துவைப்பது இன்னும் நல்லது, ஏனென்றால் பிரௌனிக்கு மறுநாள்தான் ருசி கூடும்.

சித்திரை, வைகாசியில் காலை எட்டு மணிக்குள் கலக்கி முடிப்பது உத்தமம். அதற்கு மேல் காரைக்குடிச் சமையலறையில் வெண்ணெய் தானாகவே உருகி நிற்கும், சாக்லேட் பேப்பரில் ஒட்டிக்கொள்ளும். இன்னொன்று, மாதாந்திரப் பராமரிப்புக்காக மின்வாரியம் காலை 9 மணிக்கு லைனை நிறுத்தும் நாள். பேப்பரில் முந்தின நாளே அறிவிப்பு வரும். அதைப் பார்க்காமல் மின்சார அடுப்பில் டின்னை வைக்காதீர்கள்.

2. அட்டையைத் திருப்பிப் படித்து வாங்குங்கள்

காரைக்குடியில் கேக் சாமான் விற்கும் கடைகளில் இதில் சொல்லியிருக்கும் எல்லாமே கிடைக்கும். கானாடுகாத்தான், பள்ளத்தூர், ஆத்தங்குடிப் பக்கம் இருப்பவர்கள் பட்டியலை எழுதிக்கொண்டு போய் ஒரே நடையில் முடித்துவிடுங்கள்.

கோக்கோ பவுடர். பொட்டலத்தின் முன்பக்கத்தை விடுங்கள், பின்பக்கத்தில் சேர்மானப் பட்டியலைப் பாருங்கள். அதில் சர்க்கரை இருந்தால் அது பாலில் கலந்து குடிக்கும் சாக்லேட் பவுடர், பிரௌனிக்கு ஆகாது. இனிப்பு ஏறும், கறுப்பும் கசப்பும் வராது. கோக்கோ மட்டும் இருக்க வேண்டும். கூடவே அமிலத்தன்மை சீராக்கி என்று போட்டு 500 அல்லது 501 என்ற எண் இருந்தால் அது காரம் சேர்த்துப் பதப்படுத்திய கோக்கோ. நிறம் கறுப்பாகவும் ருசி மென்மையாகவும் இருக்கும். முட்டை சேர்க்கும் நம் குறிப்பில் சோடா இல்லை, அதனால் இரண்டு வகையில் எது கிடைத்தாலும் சரி.

சாக்லேட். கடைக்காரர் கட்டியாக எடுத்துக் கொடுப்பது பெரும்பாலும் காம்பவுண்ட். அதில் கோக்கோ வெண்ணெய்க்குப் பதிலாகத் தாவரக் கொழுப்பு இருக்கும். விலை பாதிக்கும் குறைவு, வெயிலுக்குச் சீக்கிரம் இளகாது. ஆனால் பிரௌனியில் போட்டால் நாக்கில் மெழுகு படிந்தமாதிரி ஒரு பூச்சு நிற்கும். சேர்மானப் பட்டியலில் ‘கோக்கோ பட்டர்’ என்று இருப்பதும், கோக்கோ 50 முதல் 60 சதவீதம் இருப்பதும் பார்த்து வாங்குங்கள். இந்த ஒரு சாமானில் மட்டும் காசைப் பார்க்க வேண்டாம் என்பது என் கட்சி. 70 சதவீதத்துக்கு மேல் போனால் குழந்தைகள் தொடமாட்டார்கள்.

கோடையில் கூரியரில் வரவழைத்த சாக்லேட்டின் மேல் வெள்ளை பூத்திருந்தால் பூஞ்சை என்று தூக்கிப் போட்டுவிடாதீர்கள். உருகி மறுபடி இறுகும்போது கொழுப்பு மேலே வந்து படிந்ததுதான் அது. எப்படியும் உருக்கத்தானே போகிறோம்.

வெண்ணெய். உப்பில்லாத வெண்ணெய் நல்லது. உப்பு வெண்ணெய்தான் கிடைத்தது என்றால் குறிப்பில் உள்ள உப்பை விட்டுவிடுங்கள். வீட்டில் கடைந்த வெண்ணெய் என்றால் மோர் போகும்வரை தண்ணீரில் அலசிப் பிழிந்து எடுங்கள், புளிப்பு இருக்கக் கூடாது. நெய்தான் இருக்கிறதா? பாக்கெட் வெண்ணெயில் கொழுப்பு 80 சதவீதம், மீதி பெரும்பாலும் தண்ணீர். நெய் முழுக்கக் கொழுப்பு. ஆகவே 75 கிராம் வெண்ணெய்க்குப் பதில் 60 கிராம் நெய்யும் ஒரு மேசைக்கரண்டி தண்ணீரும். நெய்வாசம் தூக்கலாக இருக்கும், அது பிடித்தவர்களுக்கு மட்டும்.

சர்க்கரை. மளிகைக்கடைச் சர்க்கரை பரல் பெரிது, முட்டையில் கரையாது. மிக்ஸியில் இரண்டே சுற்று சுற்றி ரவைபோல எடுங்கள். மாவாக அரைத்துவிட வேண்டாம். பனங்கருப்பட்டியைப் போடலாமா என்பது இந்த ஊரில் எல்லாரும் கேட்கும் கேள்வி. போடலாம், மணம் அருமையாக இருக்கும், ஆனால் மேலே அந்த மெல்லிய பளபளப்பான பொருக்கு வராது. பாதி சர்க்கரை, பாதி சீவிச் சலித்த கருப்பட்டி என்று வைத்துக்கொண்டால் இரண்டுக்கும் நடுவில் நிற்கும்.

பேப்பர். இங்கேதான் அதிகம் பேர் ஏமாறுகிறார்கள். பலகாரம் மடிக்க விற்கும் பட்டர் பேப்பர் எல்லாமே அடுப்புச் சூடு தாங்காது. பிரௌனி அதில் ஒட்டிக்கொண்டு உரிக்க முடியாமல் போகும். ‘பார்ச்மென்ட்’ என்றோ ‘பேக்கிங் பேப்பர்’ என்றோ அட்டையில் எழுதி, எத்தனை டிகிரி தாங்கும் என்று எண் போட்டிருப்பதை வாங்குங்கள். அது கிடைக்கவில்லையென்றால் பேப்பரே வேண்டாம், டின்னில் வெண்ணெய் தடவி அதன்மேல் கோக்கோ தூவிவிடுங்கள். மைதா தூவினால் அடியில் வெள்ளையாகத் தெரியும்.

முந்திரி போடுவதானால் புதுக்கோட்டைப் பக்கம் ஆதனக்கோட்டை முந்திரி நமக்குக் கைக்கெட்டும் தூரம். வெறும் சட்டியில் பொன்னிறமாக வறுத்து ஆறவைத்துப் போடுங்கள். பச்சையாகப் போட்டால் மாவின் ஈரத்தில் ஊறி மெத்தென்று ஆகிவிடும்.

3. தராசு இல்லாமல் இறங்காதீர்கள்

டம்ளர் கணக்கு சாம்பாருக்குச் சரி. கடையில் விற்கும் அளவுக் கப் செட்டுகளிலேயே ஒன்று 200 மில்லி, ஒன்று 240, ஒன்று 250 என்று இருக்கிறது. நாம் போடும் மைதா வெறும் 45 கிராம். அதில் ஒரு மேசைக்கரண்டி கூடினாலே பிரௌனி கேக்காக மாறிவிடும். சமையலறை மின்தராசு 400 ரூபாய் சுமாருக்குக் கிடைக்கும். ஒரு கிராம் வரை காட்டினால் போதும். கரண்டிக் கணக்கு வரும் இடங்களில் தேக்கரண்டி 5 மில்லி, மேசைக்கரண்டி 15 மில்லி.

4. எந்தப் பாத்திரம்

அலுமினிய கேக் டின், 6 அங்குலச் சதுரம், 2 அங்குல உயரம். வட்ட டின்தான் இருக்கிறது என்றால் 7 அங்குலம் எடுங்கள், பரப்பு ஏறக்குறைய சமமாக வரும். 6 அங்குல வட்டத்தில் ஊற்றினால் மாவு உயரமாக நிற்கும், ஓரம் காய்ந்த பிறகும் நடு பச்சையாக இருக்கும். எவர்சில்வர் டப்பா சூட்டைச் சீராகப் பரப்பாது. வேறு வழியில்லையென்றால் பேப்பர் போட்டு, சூட்டை 10 டிகிரி குறைத்து வையுங்கள்.

செட்டிநாட்டுப் பழைய வளவு வீடுகளில் பாத்திரத்துக்குப் பஞ்சமில்லை, அதனால் இந்த எச்சரிக்கை அவசியம். ஈயப் பாத்திரத்தையும் ஈயம் பூசிய பித்தளையையும் இதற்கு எடுக்கவே கூடாது. இந்த ஈயம் என்பது வெள்ளீயம், 232 டிகிரியில் உருகிவிடும். ரசம் கொதிக்கும்போது உள்ளே தண்ணீர் இருப்பதால் 100 டிகிரியைத் தாண்டாது, பாத்திரம் தப்பிக்கிறது. தண்ணீரில்லாத சட்டிக்குள் வைத்தால் அந்தக் காவல் இல்லை. முனீஸ்வரன் கோயில் தெருப் பழம்பொருள் கடைகளில் வாங்கிய பழைய எனாமல் தட்டும் கிண்ணமும் பார்க்க அழகு. ஆனால் சில்லு பெயர்ந்தது என்றால் சூட்டில் இன்னும் பெயர்ந்து பண்டத்தில் விழும். பரிமாறக்கூட அவற்றை வேண்டாம் என்பேன்.

5. அடுப்பு: ஓடிஜியா, மைக்ரோவேவா, சட்டியா

ஓடிஜி (மேசைமேல் வைக்கும் சின்ன மின்சார அடுப்பு) இருந்தால் அதுவே போதும். மேலும் கீழும் இரண்டு கம்பியும் எரியட்டும், டின் நடுத்தட்டில் இருக்கட்டும். குமிழில் 170 என்று இருந்தால் உள்ளே 170 இருக்கும் என்று நம்ப வேண்டாம். சின்ன ஓடிஜிகளில் 15, 20 டிகிரி வித்தியாசம் சாதாரணம். உள்ளே வைக்கும் அடுப்பு வெப்பமானி ஒன்று வாங்கிவிட்டால் அந்தத் தலைவலி ஒழிந்தது.

பிளக்கையும் பாருங்கள். 1500 வாட் ஓடிஜி 230 வோல்ட்டில் ஆறரை ஆம்பியர் இழுக்கும். பழைய வீட்டின் இரண்டாங்கட்டில் விளக்குக்கும் ரேடியோவுக்கும் வைத்த சின்ன பிளக் அதைத் தாங்காது, சூடாகி உருகும். 16 ஆம்பியர் பவர் பிளக்கில் நேரடியாகச் செருகுங்கள். எக்ஸ்டென்ஷன் பெட்டி வேண்டாம், வீட்டு இன்வெர்ட்டரில் ஓட்டவும் வேண்டாம்.

மைக்ரோவேவில் கன்வெக்‌ஷன் வசதி இருந்தால் அந்த முறையில் மட்டும் உலோக டின் வைக்கலாம், காற்றாடி ஓடுவதால் 160 போதும். கன்வெக்‌ஷன் இல்லாத சாதாரண மைக்ரோவேவில் மாவு வேகும், பொருக்கு வராது, ஆறினால் ரப்பராகும். அதை வெண்ணெய் உருக்க வைத்துக்கொள்ளுங்கள்.

எதுவுமே இல்லையென்றால் கனமான இரும்புச் சட்டி. அடியில் ஒரு விரல்கடை உயரத்துக்குக் கல்லுப்பு பரப்பி, மேலே கம்பி வளையம், அதன்மேல் டின். சட்டியை இறுக்கமான தட்டால் மூடி மிதமான தீயில் 12 நிமிடம் சூடேற்றி, டின்னை உள்ளே வைத்த பிறகு தீயைக் குறைத்து 35 முதல் 40 நிமிடம். மூடியின் உள்பக்கம் வேர்த்து மாவின் மேல் சொட்டும், அதனால் மூடியை ஒரு துணியில் கட்டி, துணி முனைகளை மேலே முடிந்துவிடுங்கள். முனை கீழே தொங்கித் தீயில் படக் கூடாது. நான்ஸ்டிக் சட்டியை இப்படி வெறுமையாகக் காய்ச்சக் கூடாது. குக்கரில் செய்பவர்கள் கேஸ்கட்டையும் வெயிட்டையும் கழற்றிவிட வேண்டும். புதுக் குக்கரை இதில் பாழாக்காதீர்கள், தண்ணீரில்லாமல் சூடேற்ற அது செய்யப்பட்டதில்லை.

6. அளவு

டார்க் சாக்லேட் 90 கிராம், வெண்ணெய் 75 கிராம், சர்க்கரை 130 கிராம், முட்டை 2 (ஓடு நீக்கி 85 கிராம்), மைதா 45 கிராம், கோக்கோ 15 கிராம், உப்பு இரண்டு சிட்டிகை, வெனிலா எசன்ஸ் அரைத் தேக்கரண்டி, இன்ஸ்டன்ட் காப்பித்தூள் அரைத் தேக்கரண்டி. விருப்பமிருந்தால் வறுத்த முந்திரி 40 கிராம்.

முட்டையை உடைத்து நிறுத்துப் பாருங்கள். 95 கிராமுக்கு மேல் போனால் கலக்கிவிட்டு மிகுதியை எடுத்துவிடுங்கள், ஆம்லெட்டுக்கு ஆகும். சர்க்கரை அதிகமாகத் தெரிகிறது என்று குறைக்கக் கை பரபரக்கும். 110 வரை இறங்கலாம், அதற்குக் கீழே போனால் ஈரம் போய் வறண்டுவிடும். இதில் சர்க்கரை இனிப்புக்கு மட்டும் இல்லை, தண்ணீரைப் பிடித்துவைக்கும் வேலையும் அதுதான் செய்கிறது.

காப்பித்தூள் காப்பி ருசிக்காக இல்லை, சாக்லேட்டின் கசப்பைத் தூக்கிக் காட்ட. ஃபில்டர் காப்பித்தூள் கரையாது, மணல்போல நிற்கும். இன்ஸ்டன்ட் மட்டும்.

கவுனி அரிசி மாவு சேர்க்க ஆசைப்படுகிறவர்களுக்கு: 45 கிராம் மைதாவில் 10 கிராமை மாற்றலாம். மிக நைசாக அரைத்து இரண்டு முறை சலியுங்கள், கலக்கிய மாவை 15 நிமிடம் ஊறவிட்டு டின்னில் ஊற்றுங்கள். இல்லையென்றால் பல்லில் நறநறக்கும்.

7. கலக்கும் முறை

முதலில் ஓடிஜியை 170 டிகிரியில் போடுங்கள். 15 நிமிடமாவது சூடேற வேண்டும். டின்னில் பேப்பரை இரண்டு பக்கமும் வெளியே நீட்டிக்கொண்டிருக்கும்படி விரியுங்கள், பிறகு அதைப் பிடித்துத் தூக்கத்தான்.

ஒரு பாத்திரத்தில் இரண்டு விரல் தண்ணீர் கொதிக்கட்டும். தீயை அணைத்துவிட்டு, அதன் வாயில் உட்காரும் கிண்ணத்தில் நறுக்கிய சாக்லேட்டையும் வெண்ணெயையும் போடுங்கள். கிண்ணத்தின் அடி தண்ணீரைத் தொடக் கூடாது. கிண்ணமும் கரண்டியும் ஈரமே இல்லாமல் காய்ந்திருக்க வேண்டும். ஒரு சொட்டுத் தண்ணீர் விழுந்தாலும் சாக்லேட் திரண்டு கெட்டியாகிவிடும். நேரடித் தீயில் உருக்கினால் அடிப்பிடித்துத் தீய்ந்த வாசம் வரும், அதை எதனாலும் மறைக்க முடியாது. முக்கால்வாசி உருகியதும் எடுத்துக் கிளறினால் மீதி தானே உருகும். காப்பித்தூளை இப்போது சேர்த்துவிட்டு ஆறவையுங்கள். விரலை வைத்தால் இளஞ்சூடாக இருக்க வேண்டும், சுடக் கூடாது.

வேறொரு பாத்திரத்தில் முட்டையும் சர்க்கரையும் உப்பும். மின்பீட்டரில் நாலைந்து நிமிடம், கை விஸ்க்கில் (முட்டை அடிக்கும் கம்பிக் கரண்டி) எட்டுப் பத்து நிமிடம். நிறம் வெளுத்து, தூக்கி ஊற்றினால் நாடாபோல விழுந்து ஒரு கணம் மேலே நின்று மறைய வேண்டும். அதிரசப் பாகுக்குப் பதம் பார்ப்பதுபோல இதற்கும் விரல்தான் சாட்சி: இரண்டு விரலுக்கு நடுவே தேய்த்தால் பரல் தட்டுப்படக் கூடாது. மேலே வரும் பளபளப்பான பொருக்கு இந்த இடத்தில்தான் தீர்மானமாகிறது. முட்டையில் முழுக்கக் கரைந்த சர்க்கரை வேகும்போது மேலே வந்து மெல்லிய தோலாகக் காய்வதுதான் பொருக்கு. சோம்பல்பட்டு இரண்டு நிமிடத்தில் நிறுத்தினால் மேல்பக்கம் மங்கலாகத்தான் இருக்கும். மிக்ஸியில் அடிக்க வேண்டாம், காற்று ஏறுவதற்குமுன் சூடு ஏறிவிடும்.

குளிர்பெட்டியிலிருந்து எடுத்த முட்டையை அப்படியே உடைக்கக் கூடாது. நம் ஊர் வெக்கைக்கு அரை மணி நேரம் வெளியே வைத்தால் போதும். சில்லென்ற முட்டையில் சாக்லேட்டை ஊற்றினால் வெண்ணெய் இறுகிச் சின்னச் சின்னக் கட்டியாகிவிடும்.

இளஞ்சூடான சாக்லேட்டை முட்டைக் கலவையில் மெல்லிய தாரையாக ஊற்றிக்கொண்டே கலக்குங்கள். சுடச்சுட ஊற்றினால் முட்டை வெந்து திரியும். வெனிலாவும் சேருங்கள்.

மைதாவையும் கோக்கோவையும் சேர்த்து மேலே சலித்துக் கொட்டுங்கள். கோக்கோவில் கட்டி அதிகம், சலிக்காமல் போட்டால் கசப்பு முடிச்சுகள் நிற்கும். இப்போது பீட்டரைத் தொடாதீர்கள். அகலக் கரண்டியால் அடியிலிருந்து மேலே புரட்டிப் புரட்டி, மாவுக் கோடு மறைந்த நொடியில் நிறுத்துங்கள். இருபது, இருபத்தைந்து புரட்டல் ஆகும். அதற்குமேல் கலக்கினால் மைதா இழுபட்டு, வெந்தபின் சவசவவென்று இருக்கும். முந்திரி போடுவதானால் கடைசி இரண்டு புரட்டலில்.

மாவு ஊற்றினால் ஓடக் கூடாது, கரண்டியால் வழித்தால் மெதுவாக இறங்க வேண்டும். டின்னில் வழித்து, மூலைவரை பரப்பி, மேசையில் இரண்டு தட்டு தட்டுங்கள். பேக்கிங் பவுடர் எங்கே என்று தேடாதீர்கள், இதில் கிடையாது. அதைப் போட்டால் உப்பிவந்து நடுவில் அமுங்கும்.

8. வேகவைப்பது

170 டிகிரி, நடுத்தட்டு, 20 நிமிடம்வரை கதவைத் திறக்க வேண்டாம். இருபதாவது நிமிடம் டின்னை மெல்ல அசைத்துப் பாருங்கள். ஓரம் அசையாமல், நடு லேசாக நடுங்கினால் இன்னும் இரண்டு நிமிடம். பல்குத்தும் குச்சியை ஓரத்துக்கும் நடுவுக்கும் இடையில் குத்தினால் ஈரமான பொடி ஒட்டிவர வேண்டும். ஓடும் மாவு ஒட்டினால் இன்னும் வேகணும். சுத்தமாக வந்தால் காலம் கடந்துவிட்டது.

கேக் செய்து பழகியவர்கள் எல்லாரும் இந்த இடத்தில் சறுக்குவார்கள். குச்சி சுத்தமாக வரும்வரை விட்டு, வறண்ட சாக்லேட் கேக்கை எடுப்பார்கள். டின்னின் சூட்டில் வெளியே வந்தபிறகும் பிரௌனி வெந்துகொண்டே இருக்கும் என்பதை ஞாபகம் வையுங்கள். சமையல் வெப்பமானி இருந்தால் நடுவில் 88 முதல் 92 டிகிரி காட்டும்போது எடுத்துவிடலாம்.

நடுவில் மின்சாரம் போய்விட்டால் பதறிக் கதவைத் திறக்காதீர்கள். உள்ளே இருக்கும் சூடு கொஞ்ச நேரம் நிற்கும். 15 நிமிடத்துக்கு மேல் வெந்திருந்தால் அப்படியே விட்டுப் பத்து நிமிடம் கழித்துக் குச்சியால் பாருங்கள், பாதி வேலை நடந்திருக்கும். வைத்த உடனே போய்விட்டால் அதற்குள் இரும்புச் சட்டியை உப்போடு காயவைத்து, டின்னை அதற்குள் மாற்றுங்கள்.

9. ஆறவிடுவதும் வெட்டுவதும்

டின்னோடு கம்பித் தட்டில் ஒரு மணி நேரம். பிறகு பேப்பரைப் பிடித்துத் தூக்கி, மூடிய டப்பாவில் குளிர்பெட்டியில் இரண்டு மணி நேரம். சூடாக வெட்டினால் துண்டு வராது, குழைந்து வரும். வீட்டுப் பிள்ளைகளைச் சமாளிக்க ஓரத் துண்டு ஒன்றைத் தியாகம் செய்யலாம், மற்றதைத் தொடவிடாதீர்கள்.

நீளமான மெல்லிய கத்தியைச் சுடுதண்ணீரில் நனைத்து, துடைத்து, ஒரே அழுத்தாக மேலிருந்து கீழே. அறுக்க வேண்டாம், பொருக்கு நொறுங்கும். ஒவ்வொரு வெட்டுக்கும் கத்தியைத் துடையுங்கள். மூன்றுக்கு மூன்று, ஒன்பது துண்டு, ஒவ்வொன்றும் 45 கிராம் சுமார்.

வெளியே காற்றுப்புகாத டப்பாவில் இரண்டு நாள், குளிர்பெட்டியில் ஐந்து நாள், ஃப்ரீசரில் ஒவ்வொரு துண்டையும் தனித்தனியாகச் சுற்றி ஒரு மாதம். சாப்பிடும்முன் அரை மணி நேரம் வெளியே வையுங்கள். புளிச்சோறு வைத்த தட்டில் திறந்து வைக்க வேண்டாம், வெண்ணெய் எல்லா வாசத்தையும் இழுத்துக்கொள்ளும்.

10. முட்டை சேர்க்காத வீட்டுக்கு

ஆச்சி சாப்பிட மாட்டார்கள், கார்த்திகை விரதம், சனிக்கிழமை என்று காரணம் எதுவானாலும் முட்டையில்லாமலும் செய்யலாம். ஆனால் அதே பண்டம் வரும் என்று எதிர்பார்க்காதீர்கள். இரண்டு முட்டைக்குப் பதிலாகப் புளிக்காத கெட்டித் தயிர் 60 கிராம், பால் 30 மில்லி. மைதாவை 60 கிராமாக்கி, கால் தேக்கரண்டி பேக்கிங் பவுடர் சேருங்கள். தயிரில் சர்க்கரையைக் கரைத்து, சாக்லேட்டைச் சேர்த்து, மாவைப் புரட்டி, 170 டிகிரியில் 25 நிமிடம். மெத்தென்று நன்றாக இருக்கும், பளபளப்புப் பொருக்கு வராது. தயிர் புளித்திருந்தால் சாக்லேட்டின் ருசியைக் கொன்றுவிடும், அன்றைய தயிரை எடுங்கள். விஸ்க், கிண்ணம் எல்லாம் தனியாக வைத்துக்கொள்வது அந்தந்த வீட்டு வழக்கம். டின்னையும் சேர்த்துத் தனியாக வைப்பதானால் இரண்டாவது டின் ஒன்று வாங்கிவிடுங்கள், பெரிய செலவில்லை.

11. கெட்டுப்போனால் எங்கே தேடுவது

நடு அமுங்கிக் குழியானால் அடுப்பு சூடேறுமுன் வைத்திருக்கிறீர்கள், அல்லது முட்டையை மாவு போட்டபிறகும் அடித்திருக்கிறீர்கள். மேலே எண்ணெய் மிதந்தால் சாக்லேட் அதிகச் சூட்டில் பிரிந்துவிட்டது. அது டின்னுக்குப் போகுமுன் கண்ணில் பட்டால் ஒரு தேக்கரண்டி வெதுவெதுப்பான பால் விட்டு வேகமாகக் கலக்கினால் பெரும்பாலும் கூடிவரும். ஓரம் கல்லாகி நடு குழம்பாக இருந்தால் சூடு அதிகம், அடுத்தமுறை 160 வைத்து நேரத்தை நீட்டுங்கள். முட்டை வாசம் தூக்கினால் வெனிலாவைக் கூட்டாதீர்கள், முட்டையின் வயதைப் பாருங்கள். பொடிப்பொடியாக உதிர்ந்தால் மைதா கூடிவிட்டது அல்லது மூன்று நிமிடம் அதிகமாக வெந்துவிட்டது. உதிர்ந்ததை வீணாக்க வேண்டாம், ஐஸ்கிரீமின் மேல் போட்டால் யாரும் காரணம் கேட்கமாட்டார்கள்.

12. செலவு

நல்ல சாக்லேட் போட்டால் ஒன்பது துண்டுக்குச் சாமான் செலவு தோராயமாக 200 முதல் 250 ரூபாய், காம்பவுண்ட் போட்டால் 150 சுமார். இரண்டுக்கும் வித்தியாசம் முழுக்கச் சாக்லேட்டில்தான். அதற்கு அடுத்த பெரிய செலவு வெண்ணெய். முட்டை, மைதா, சர்க்கரை எல்லாம் சேர்ந்தே முப்பது ரூபாயைத் தாண்டுவது அரிது. மின்சாரம்: 1500 வாட் ஓடிஜி சூடேற 15 நிமிடம், வேக 25 நிமிடம் என்றால் ஒரு யூனிட்டுக்குள் முடிந்துவிடும். முதல் முறைக்கு மட்டும் தராசு, டின், பேப்பர், விஸ்க் என்று 800 ரூபாய் வரை கூடுதலாகும்.

13. வெளியூருக்கு அனுப்ப, விற்க

சென்னைக்குப் பிள்ளைகளுக்குக் கொடுத்தனுப்புவதென்றால் முந்தின இரவு துண்டுகளைப் பேப்பரில் தனித்தனியாகச் சுற்றி ஃப்ரீசரில் வைத்துவிடுங்கள். விடிகாலைப் பல்லவன் ரயிலில் போகிறவரிடம் காற்றுப்புகாத டப்பாவில் கொடுத்தால், பகலில் எழும்பூரில் இறங்கும்போது சாப்பிடும் பதத்தில் இருக்கும். டப்பாவுக்குள் துண்டுகள் ஆடாமல் இடைவெளியைப் பேப்பரால் அடையுங்கள். கிரீம், சாக்லேட் சாஸ் பூசியதை அனுப்ப வேண்டாம்.

அக்கம்பக்கத்தில் ஆர்டர் எடுக்கத் தொடங்கினால், வீட்டு அடுப்பு என்றாலும் உணவுப் பாதுகாப்புப் பதிவு வேண்டும். இந்திய உணவுப் பாதுகாப்பு அமைப்பான எஃப்எஸ்எஸ்ஏஐயின் ஃபோஸ்காஸ் இணையதளத்தில் நீங்களே விண்ணப்பிக்கலாம். புகைப்படமும் அடையாளச் சான்றும் முகவரி விவரமும் கையில் வைத்துக்கொண்டு உட்காருங்கள். சிறு தயாரிப்பாளருக்கான அரசுக் கட்டணம் மிகக் குறைவு, இடைத்தரகர் கேட்கும் தொகைதான் பல மடங்கு. கட்டணம் எவ்வளவு என்று தளத்திலேயே பார்த்துவிட்டுப் பிறகு யாரிடமாவது வேலையைக் கொடுங்கள். பதிவானதும் 14 இலக்க எண் வரும், அதை அட்டையில் அச்சிட வேண்டும். கூடவே பண்டத்தின் பெயர், எடை அதிகமானது முதலில் வரும்படி சேர்மானங்கள், நிகர எடை, தயாரித்த தேதி, எந்தத் தேதிக்குள் சாப்பிட வேண்டும், விலை, உங்கள் முகவரி.

அட்டையில் புதியவர்கள் தவறாமல் பிழைவிடும் இடம் அந்தச் சின்னப் புள்ளி. முட்டை சேர்த்த பிரௌனிக்குப் பச்சைப் புள்ளி போடக் கூடாது. சட்டப்படி அது அசைவம், பழுப்புச் சதுரத்துக்குள் பழுப்பு முக்கோணம் போட வேண்டும். முட்டை மட்டும்தான் சேர்ந்திருக்கிறது என்று பக்கத்தில் எழுதிக்கொள்ள அனுமதி உண்டு. முட்டையில்லாத வகையையும் விற்பதானால் இரண்டுக்கும் வேறு வேறு நிறத்தில் அட்டை அடித்து, டப்பாவில் அடைக்கும்போதே ஒட்டிவிடுங்கள். வெட்டிவைத்த பிறகு பார்வைக்கு எது எது என்று தெரியாது.